பத்தொன்பது மாதப் பதவி, இருபத்திரண்டு நாள் போர்

கேள்வி இதுதான்: "லால் பகதூர் சாஸ்திரி என்றால் கடனில் வாங்கிய கார், எளிமை, தாஷ்கண்டில் மர்ம மரணம், இந்த மூன்றைத்தான் திரும்பத் திரும்பக் கேட்கிறோம். 1965 போரை நடத்திய பிரதமராக அவர் எப்படி? தமிழர்களுக்கு அவரால் என்ன ஆயிற்று?"

நல்ல கேள்வி. எளிமைக் கதைகளில் பொய் இல்லை. 12,000 ரூபாய்க்கு ஃபியட் வாங்க 5,000 ரூபாய் வங்கிக் கடன் எடுத்தார், அவர் போன பிறகு மனைவி லலிதா பென்ஷன் பணத்தில் அதை அடைத்தார் என்பதெல்லாம் உண்மைதான். ஆனால் அந்தக் கதைகளே அவருக்குத் திரையாகிவிட்டன. "பாவம், நல்ல மனுஷன்" என்று சொல்லி முடித்துவிடுகிறோம். நல்ல மனிதர் என்பதற்காக யாரும் லாகூர் பக்கம் படையை அனுப்புவதில்லை. அவரிடம் வேறு ஒன்று இருந்தது. ஒரு காரியத்தை எவ்வளவு தூரம் கொண்டுபோக வேண்டும், எங்கே நிறுத்த வேண்டும் என்று தொடங்கும் முன்பே அளந்து வைத்துக்கொள்ளும் குணம். போரில் அது நாட்டுக்கு உதவியது. வேறு ஓர் இடத்தில் அதே குணம் பெரிய அநியாயத்தில் முடிந்தது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

இளமையைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். 1904 அக்டோபர் 2, முகல்சராயில் பிறப்பு. ஒன்றரை வயதில் அப்பா போய்விட்டார்; தாத்தா வீட்டில் வளர்ந்தார். ஒத்துழையாமை இயக்கம் வந்ததும் பள்ளியை விட்டார். பிறகு காசி வித்யாபீடத்தில் படித்து வாங்கிய பட்டம்தான் "சாஸ்திரி". குடும்பப் பெயர் என்று பலர் நினைக்கிறார்கள், அது பி.ஏ. மாதிரி ஒரு பட்டம். சாதியைக் காட்டும் பெயரை அவர் முன்பே விட்டுவிட்டிருந்தார். வெள்ளைக்காரன் சிறையில் பல ஆண்டுகள், பிறகு உத்தரப் பிரதேசத்தில் போலீஸ், போக்குவரத்து அமைச்சர், 1952-ல் மத்திய ரயில்வே அமைச்சர்.

நம் ஊர் அவர் வாழ்க்கைக்குள் வருவது இங்கேதான். 1956 நவம்பர் 23 விடியற்காலை, சென்னையிலிருந்து தூத்துக்குடிக்குப் போய்க்கொண்டிருந்த எக்ஸ்பிரஸ், அரியலூர் அருகே மருதையாற்றுப் பாலத்தில் கவிழ்ந்தது. ஆற்றில் வெள்ளம் கரையை அரித்திருந்தது. தூக்கத்திலேயே சுமார் 150 பேர் போனார்கள். இதற்கு இரண்டரை மாதம் முன்பு மெகபூப்நகரில் ஒரு பெரிய விபத்து. அப்போதே சாஸ்திரி ராஜினாமா கொடுக்க, நேரு ஏற்கவில்லை. அரியலூருக்குப் பிறகு விடாப்பிடியாகக் கொடுத்தார். விபத்துக்கு அவர் நேரடிப் பொறுப்பு இல்லை என்று சொல்லிக்கொண்டே, ஒரு முன்னுதாரணமாக இருக்கட்டும் என்று நேரு ஏற்றுக்கொண்டார். துணை அமைச்சராக இருந்தவர் நம்மூர் ஓ.வி. அழகேசன். "அரியலூர் அழகேசா, ஆண்டது போதாதா, மக்கள் மாண்டது போதாதா" என்ற தி.மு.க. முழக்கத்தைப் பெரியவர்கள் இன்னும் சொல்லக் கேட்கலாம். பதவியை விட்டவர் ஊர் ஊராகப் புகழப்பட்டார், துணை அமைச்சர் முழக்கத்தில் மாட்டிக்கொண்டார். அரசியலில் ராஜினாமாவுக்கு இருக்கும் பலத்தை சாஸ்திரி நன்றாகவே அறிந்திருந்தார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. 1963-ல், மூத்தவர்கள் பதவியை விட்டுக் கட்சி வேலைக்குப் போகட்டும் என்ற காமராஜர் திட்டத்தின்போதும் உள்துறையை விட்டு வெளியே வந்தார். சில மாதங்களில், உடல்நலம் குன்றிய நேருவே அவரைத் திரும்பக் கூப்பிட்டுக்கொண்டார்.

1964 மே 27-ல் நேரு மறைந்தார். மொரார்ஜி தேசாய் தயாராக நின்றார். காங்கிரஸ் தலைவர் காமராஜர் ஒவ்வொருவராகக் கூப்பிட்டுப் பேசி, பெரும்பாலோர் மனம் யார் பக்கம் என்று பார்த்து, சாஸ்திரியை முன்னே நிறுத்தினார். ஜூன் 9-ல் பதவியேற்பு. அந்த மாதமே மாரடைப்பு. 1959-லும் ஒன்று வந்திருந்தது. தாஷ்கண்ட் பற்றிப் பேசும்போது இந்த இரண்டையும் மறந்துவிடக் கூடாது.

சரி, போருக்கு வருவோம். அதற்கு முன் பாகிஸ்தான் அதிபர் அயூப் கான் கண்ணில் சாஸ்திரி எப்படித் தெரிந்தார் என்று பார்க்க வேண்டும். 1964 அக்டோபரில் கெய்ரோ மாநாட்டிலிருந்து திரும்பும் வழியில் சாஸ்திரி கராச்சியில் இறங்கினார். அயூப் ஆறடிக்கு மேல் உயரம், சாண்ட்ஹர்ஸ்டில் பயிற்சி பெற்ற ராணுவக்காரர். எதிரே வேட்டி கட்டிய, ஐந்தடியைச் சற்றே தாண்டிய மனிதர், மென்மையான குரல். இவரா நேருவின் இடத்தில் என்று அயூப் நினைத்ததாகத்தான் அந்தக் காலத்தைப் பார்த்தவர்கள் எல்லோரும் எழுதியிருக்கிறார்கள்.

அவர் அப்படி நினைத்ததில் தப்பும் இல்லை. 1962-ல் சீனாவிடம் வாங்கிய அடி ஆறவில்லை. ராணுவம் பாதிக் கட்டுமானத்தில் இருந்தது. அரிசி, கோதுமைப் பற்றாக்குறை. 1965 ஜனவரி 26 வந்ததும் தமிழ்நாடு பற்றி எரிந்தது. இதில் சாஸ்திரிக்கு நேரடிப் பங்கு உண்டு. இந்தியோடு ஆங்கிலமும் "தொடரலாம்" என்ற 1963 ஆட்சிமொழிச் சட்டத்தை உள்துறை அமைச்சராக நாடாளுமன்றத்தில் கொண்டுவந்தவரே அவர்தான். அந்த "லாம்" போதாது, "தொடர வேண்டும்" என்று இருக்கட்டும் என்று அண்ணா மாநிலங்களவையில் வாதாடினார். எடுபடவில்லை. இரண்டே ஆண்டில் அந்த ஒரு விகுதிக்காகத் தெருவில் உயிர்கள் போயின. தீக்குளிப்பு, துப்பாக்கிச் சூடு, எழுபது பேர் என்பது அரசு சொன்ன கணக்கு; உண்மை அதற்கு மேல் என்றே இங்கே எல்லோரும் சொல்வார்கள். சாஸ்திரி வாரக்கணக்கில் தயங்கினார். பிப்ரவரி 11-ல் மத்திய அமைச்சர்கள் சி. சுப்பிரமணியமும் அழகேசனும் ராஜினாமா செய்த பிறகுதான் வானொலியில் வந்து, இந்தி பேசாதவர்கள் விரும்பும்வரை ஆங்கிலம் இருக்கும் என்ற நேருவின் உறுதிமொழி அப்படியே காக்கப்படும் என்றார். மனம் மாறக்கூடியவர் என்பது ஆறுதல். மாறுவதற்கு இத்தனை பிணம் விழ வேண்டியிருந்தது என்பதையும் சேர்த்துத்தான் எழுத வேண்டும்.

ஏப்ரலில் கட்ச் சதுப்பு நிலத்தில் பாகிஸ்தான் ஒரு வெள்ளோட்டம் பார்த்தது, அமெரிக்கா கொடுத்த பேட்டன் டாங்கிகளோடு. பிரிட்டிஷ் பிரதமர் வில்சன் நடுவில் வந்து, ஜூன் 30-ல் சண்டை நிறுத்தம். தகராறு நடுவர் மன்றத்துக்குப் போயிற்று. டெல்லியில் எதிர்க்கட்சிகள் சாஸ்திரியைக் கோழை என்கிற அளவுக்குத் திட்டின. ராவல்பிண்டியில் இருந்த பாகிஸ்தான் தலைவர்களும் அதையேதான் நினைத்தார்கள், சந்தோஷமாக. சரியான இடத்தில் சரியான நேரத்தில் இரண்டொரு அடி விழுந்தால் இந்துக்களின் மன உறுதி தாங்காது என்ற பொருளில், ஆகஸ்ட் கடைசியில் அயூப் தன் படைத் தலைவருக்குக் குறிப்பே எழுதினார்.

ஆகஸ்ட் 5-லிருந்து ஆயிரக்கணக்கில் ஊடுருவல்காரர்கள் காஷ்மீருக்குள் வந்தார்கள். இதற்கு "ஆபரேஷன் ஜிப்ரால்டர்" என்று பெயர். காஷ்மீர் மக்கள் எழுந்து கூட நிற்பார்கள் என்ற கணக்கு பொய்த்தது. பல இடத்தில் உள்ளூர்க்காரர்களே தகவல் கொடுத்தார்கள். ஆகஸ்ட் 28-ல் இந்தியப் படை சண்டை நிறுத்தக் கோட்டைத் தாண்டி, ஊடுருவல் பாதையான ஹாஜி பீர் கணவாயைப் பிடித்தது. பதிலுக்கு செப்டம்பர் 1-ல் பாகிஸ்தான் ஜம்முவின் சம்ப் பகுதியில் டாங்கிகளை இறக்கி அக்னூரை நோக்கி வந்தது. அக்னூர் பாலம் விழுந்தால் ரஜௌரி, பூஞ்ச் பக்கம் இருக்கிற படைக்குச் சோறுகூடப் போகாது.

அன்று மாலை தரைப்படைத் தளபதி சௌத்ரி பாதுகாப்பு அமைச்சர் சவானிடம் வந்து விமானப்படை வேண்டும் என்றார். 1962-ல் இந்த ஒரு முடிவை எடுக்க முடியாமலே ஒரு போர் முடிந்துபோயிருந்தது. இந்த முறை மாலை 5 மணி வாக்கில் அனுமதி. ஒரு மணி நேரத்துக்குள் பதான்கோட்டிலிருந்து பழைய வேம்பயர் விமானங்கள் கிளம்பின. நான்கை அன்றே இழந்தோம். கிழட்டு விமானங்கள்தான். ஆனாலும் முன்னேற்றம் தடுமாறியது.

செப்டம்பர் 3-ல் சாஸ்திரி ராணுவத்துக்குக் கொடுத்த இலக்குகள்தான் அவரைப் புரிந்துகொள்ளச் சரியான இடம். காஷ்மீரைப் பறிக்கும் முயற்சியை முறியடிக்க வேண்டும். பாகிஸ்தான் படையின் தாக்கும் பலத்தை உடைக்க வேண்டும். அதற்கு எவ்வளவு நிலம் தேவையோ அவ்வளவை மட்டும் பிடிக்க வேண்டும், போர் முடிந்ததும் அதையும் விட்டுவிட வேண்டும். அவ்வளவுதான். லாகூரைப் பிடி என்று இல்லை, பாகிஸ்தானை ஒழி என்று இல்லை. ஆனால் இந்தச் சின்ன இலக்கை அடைய, நேரு காலத்தில் யாரும் வாய்விட்டுச் சொல்லத் தயங்கிய ஒன்றுக்கு அவர் ஒப்புதல் கொடுத்தார். செப்டம்பர் 6 விடியற்காலை சர்வதேச எல்லையைத் தாண்டிப் பஞ்சாபில் இந்தியப் படை நுழைந்தது. காஷ்மீரில் அடித்தால் காஷ்மீரில்தான் சண்டை என்ற பாகிஸ்தானின் கணக்கு அன்றோடு முடிந்தது.

களத்தில் எல்லாம் ஒழுங்காக நடந்தது என்று சொல்ல மாட்டேன். முதல் நாளே ஜாட் படைப்பிரிவு ஒன்று இச்சோகில் கால்வாயைத் தாண்டி லாகூர் விளிம்பு வரை போய்விட்டது. பின்னால் ஆள் வரவில்லை, திரும்ப வேண்டியதாயிற்று. அப்படிப் பிடித்துவிட்டு விட்டுவந்த டோக்ராய் கிராமத்தை இரண்டு வாரம் கழித்து ஆளுக்கு ஆள் மோதி மறுபடி பிடித்தார்கள். சியால்கோட் பக்கம் சாவிண்டாவில் இந்திய டாங்கிகள் முட்டிக்கொண்டு நின்றன.

கேம்கரன் பக்கம் கதை வேறு. பாகிஸ்தானின் முதல் கவசப் படைப்பிரிவு, புது பேட்டன் டாங்கிகளோடு பாய்ந்து வந்தது. அசல் உத்தர் கிராமத்தைச் சுற்றிக் கரும்புத் தோட்டங்கள். இந்தியப் படை வாய்க்கால் தண்ணீரை வயலில் திறந்துவிட்டது. சேற்றில் சிக்கிய டாங்கிகளைக் கரும்புக்குள் பதுங்கியிருந்தவர்கள் ஒவ்வொன்றாக அடித்தார்கள். ஜீப்பில் பொருத்திய துப்பாக்கியோடு அப்துல் ஹமீது என்ற ஹவில்தார் பல டாங்கிகளை வீழ்த்திவிட்டு அங்கேயே உயிர்விட்டார். அவருக்குப் பரம்வீர் சக்ரா. சண்டை முடிந்தபோது சேதமடைந்தும் கைவிடப்பட்டும் நின்ற டாங்கிகள் நூறை நெருங்கின. "இந்துக்களின் மன உறுதி" பற்றி அயூப் எழுதிய குறிப்பையும் இந்த ஹமீதின் பெயரையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் போதும், பாகிஸ்தான் இந்தியாவை எவ்வளவு தப்பாகப் படித்திருந்தது என்று தெரிந்துவிடும்.

இதற்கு நடுவே சீனா சிக்கிம் எல்லையில் இறுதி எச்சரிக்கை விட்டது. அமெரிக்கா இரண்டு பக்கமும் ஆயுதத்தை நிறுத்தியது. ஐ.நா. செப்டம்பர் 20-ல் தீர்மானம் போட்டது. இன்னும் தொடர்ந்தால் ஜெயிக்க முடியுமா என்று சாஸ்திரி கேட்டதற்கு, குண்டுகள் கரைந்துவிட்டன, நிறுத்துவதே நல்லது என்று தளபதி சொன்னார் என்றும், பிறகு கணக்குப் பார்த்தால் இருப்பில் சிறு பங்கே செலவாகியிருந்தது என்றும் போர் வரலாற்றில் பதிவாகியிருக்கிறது. அந்தத் தப்புக் கணக்கு இல்லையென்றால் இன்னும் நாலு நாள் சண்டை நடந்திருக்குமோ என்னவோ. என் பார்வையில், முதல் நாளே வைத்த அளவு எட்டப்பட்டிருந்தது. செப்டம்பர் 23 அதிகாலை துப்பாக்கிகள் நின்றன. இந்தியா கையில் சுமார் 1,900 சதுர கிலோமீட்டர், பாகிஸ்தான் கையில் சுமார் 540. இந்தியப் பக்கம் மட்டும் ஏறக்குறைய 3,000 வீரர்கள் போயிருந்தார்கள்.

சில நாளில் டெல்லி ராம்லீலா மைதானத்தில் பேசும்போது மனிதர் நகைச்சுவையாகவே சொன்னார்: டெல்லி வரை நடந்தே வருவேன் என்றாராம் அயூப், அவ்வளவு பெரிய மனிதருக்கு ஏன் சிரமம், நாமே லாகூர் பக்கம் போய் வரவேற்கலாம் என்று கிளம்பினோம். கராச்சி விமான நிலையத்தில் தன்னை எப்படிப் பார்த்தார்கள் என்பது அவருக்கும் தெரிந்துதான் இருந்திருக்கிறது.

இன்னொரு போர் வயிற்றில் நடந்தது. அமெரிக்காவிலிருந்து பி.எல்.480 என்ற உணவு உதவித் திட்டத்தின் கோதுமை வந்தால்தான் ரேஷன் கடை திறக்கும் என்ற நிலை. அமெரிக்க அதிபர் ஜான்சன் அதைக் கொஞ்சம் கொஞ்சமாக, சொன்னபடி கேட்டால்தான் அடுத்த கப்பல் என்ற மாதிரி அனுப்பினார். அந்த ஆண்டு மழையும் பொய்த்தது, 8.9 கோடி டன்னாக இருந்த தானிய விளைச்சல் 7.2 கோடிக்கு இறங்கிற்று. சாஸ்திரி முதலில் தன் வீட்டில் ஒரு வேளைச் சாப்பாட்டை நிறுத்திப் பார்த்தார். பிள்ளைகளால் முடிகிறது என்று தெரிந்த பிறகுதான் திங்கட்கிழமை இரவு உணவை விடுங்கள் என்று நாட்டைக் கேட்டார். நம்மூரிலும் ஓட்டல்கள் திங்கள் மாலை கதவைச் சாத்தின. என் பாட்டி அதற்குப் பிறகும் வெகுகாலம் திங்கட்கிழமை ராத்திரி பழம், பால் என்று முடித்துக்கொள்வார். சோமவார விரதமா பாட்டி என்றால், "இல்லடா, சாஸ்திரி சொன்னது" என்பார். ஒரு நாட்டின் பஞ்சம் இதனால் தீராது. தீர்க்க வேண்டிய வேலையை உணவு அமைச்சர் சி. சுப்பிரமணியத்திடம் கொடுத்து, பின்னால் நின்றார்: இந்திய உணவுக் கழகம், விளைபொருள் விலைக் குழு, மெக்சிகோ குட்டைக் கோதுமை விதை, எல்லாம் அவர் பிரதமராக இருந்த பத்தொன்பது மாதத்தில் தொடங்கியவை. அவரது "ஜெய் ஜவான் ஜெய் கிசான்" முழக்கத்தில் கிசான், அதாவது விவசாயி, எதுகைக்காக வந்த சொல் இல்லை.

1966 ஜனவரி 4. தாஷ்கண்டில் சோவியத் பிரதமர் கோசிகின் சாஸ்திரி, அயூப் இருவரையும் உட்கார வைத்தார். 10-ம் தேதி கையெழுத்து: ஆகஸ்ட் 5-க்கு முன் எங்கே இருந்தார்களோ அங்கே இரண்டு படையும் திரும்ப வேண்டும். லாகூர் பக்கத்து நிலத்தைத் திருப்பிக் கொடுத்ததில் யாருக்கும் பெரிய வருத்தம் இல்லை, அது முன்பே தீர்மானித்ததுதான். ஹாஜி பீர் அப்படி இல்லை. அது நம் நிலம் என்று இந்தியா சொல்லிக்கொண்டிருந்த இடம். ரத்தம் சிந்தி எடுத்தது. அதைக் கொடுத்தது அவர் வகுத்த அளவுக்குள்ளேயே பொருந்தாத விஷயம் என்று நினைக்கிறேன். ஆனால் அதை வைத்துக்கொண்டால் பாகிஸ்தான் தான் பிடித்திருந்த சம்பை விடாது. பேரத்தில் அவ்வளவுதான் கிடைத்தது.

அன்றிரவு டெல்லி வீட்டுக்குத் தொலைபேசியில் பேசினார். ஹாஜி பீரைக் கொடுத்தது வீட்டில் பிடிக்கவில்லை என்று மகள் சொன்னதாகக் கூட இருந்தவர்கள் எழுதியிருக்கிறார்கள். பால் குடித்துவிட்டுப் படுத்தவர், நள்ளிரவு தாண்டி, தானே எழுந்து நடந்து உதவியாளர்கள் அறை வாசலுக்கு வந்து டாக்டரைக் கேட்டார். டாக்டர் சுக் வந்தார். சில நிமிடங்களில் முடிந்துவிட்டது. விடிந்ததும் சவப்பெட்டியை விமானத்துக்குத் தூக்கியவர்களில் அயூப்பும் ஒருவர்.

விஷமா? ஏற்கெனவே இரண்டு மாரடைப்பு வந்த 61 வயது மனிதர், அந்த வார மன அழுத்தம். இதயம் நின்றது என்பதை நம்புவதில் எனக்குச் சிரமம் இல்லை. பிரேதப் பரிசோதனை செய்யாமல் விட்டது மன்னிக்க முடியாத அசட்டை. 2009-ல் தகவல் கேட்டபோதும், வெளியுறவு கெடும் என்று ஓர் ஆவணத்தைப் பிரதமர் அலுவலகம் மறுத்தது. வதந்தியை வளர்த்ததில் அரசுக்கே பாதிப் பங்கு.

ஓர் அநியாயத்தைக் கடைசியில் சொல்கிறேன் என்றேன் அல்லவா. 1964 அக்டோபர் 30, டெல்லியில் சாஸ்திரியும் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் ஓர் ஒப்பந்தம் செய்தார்கள். இலங்கைத் தேயிலைத் தோட்டங்களில் தலைமுறைகளாக வேலை செய்து, 1948-க்குப் பிறகு நாடற்றவர்களாக்கப்பட்ட மலையகத் தமிழர்கள் 9,75,000 பேர் என்று கணக்கு. இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000, மீதி 1,50,000 பிறகு பார்த்துக்கொள்ளலாம். பதினைந்து ஆண்டில் முடிக்க வேண்டும். நேரு ஒத்துக்கொள்ளாமல் தள்ளிக்கொண்டே வந்த விஷயம் இது. அண்டை நாட்டோடு ஒரு சச்சரவு தீர்ந்தது என்ற திருப்தி டெல்லிக்கு. பங்கு போடப்பட்ட மக்களையோ தொண்டமான் போன்ற அவர்களது தலைவர்களையோ கலந்து யாரும் முடிவெடுக்கவில்லை.

அதே அக்டோபர் கடைசியில்தான் சாஸ்திரி குஜராத்தில் ஆனந்த் போனார். பால் கூட்டுறவு ஏன் அங்கே மட்டும் ஜெயிக்கிறது என்று அறிய, பரிவாரம் இல்லாமல் அஜர்புரா என்ற கிராமத்தில் ஒரு விவசாயி வீட்டில் ராத்தங்கினார். வீடு வீடாகப் போய், தலித் குடியிருப்புக்கும் முஸ்லிம் தெருவுக்கும் போய், மாடு எத்தனை, பால் எவ்வளவு, பணம் கைக்கு வருகிறதா என்று நள்ளிரவு தாண்டியும் கேட்டுக்கொண்டிருந்தார். மறுநாள் அந்தக் கூட்டுறவை நடத்திய வர்கீஸ் குரியனிடம் இதை நாடு முழுக்கச் செய்யுங்கள் என்றார். தேசிய பால்வள வாரியம் பிறந்தது. குஜராத் விவசாயியிடம் கேட்ட அந்தக் கேள்விகளில் ஒன்றையாவது இலங்கை மலையகத்தில் அட்டனிலோ நுவரெலியாவிலோ, தோட்டத் தொழிலாளர் குடியிருப்பான ஒரு லயத்து வாசலில் உட்கார்ந்து கேட்டிருந்தால், அந்த 5,25,000 என்ற எண் அப்படியே நின்றிருக்குமா என்று பல முறை யோசித்திருக்கிறேன்.

தலைமன்னாரில் கப்பல் ஏறி ராமேஸ்வரத்தில் இறங்கியவர்களை மண்டபம் முகாமில் பதிந்தார்கள். கணிசமானவர்கள் நீலகிரிக்குப் போனார்கள். அவர்களுக்காகவே தமிழ்நாடு அரசு கூடலூர், கோத்தகிரிப் பக்கம் தேயிலைத் தோட்டம் போட்டது, இன்றைய டான்டீ. அங்கே அவர்களுக்கு "சிலோன்காரர்கள்" என்று பெயர் வந்தது. மற்றவர்கள் இரண்டு நாட்டுக் காகிதத்துக்கும் நடுவில் காத்திருந்தார்கள். பதினைந்து ஆண்டில் முடிய வேண்டியது, 1984-ல் கப்பலும் நின்ற பிறகும் முடியவில்லை. மிச்சமிருந்த நாடற்றவர்களுக்குக் குடியுரிமை கொடுக்கும் சட்டத்தை இலங்கை நாடாளுமன்றம் நிறைவேற்றியது 2003-ல்.